கொறங்காட்டுப் புல்: மேய்ப்பதும் மேயாமல் விடுவதும்

காங்கேயம், வெள்ளகோவில், மூலனூர், தாராபுரம் வட்டாரங்களின் வழியாகப் போகிறவர்களுக்குச் சாலையின் இருபுறமும் கிளுவை வேலி தெரியும். முள்ளும் கிளையுமாகப் பின்னிக் கிடக்கும் அந்த உயிர்வேலிக்கு அப்பால், கோடையில் பார்த்தால், காய்ந்து வெளுத்த புல்தூர்களும் இடைவெளி விட்டு நிற்கும் சில வெள்வேல மரங்களும்தான் இருக்கும். உழவும் இல்லை, பயிரும் இல்லை என்பதால் வெளியூர்க்காரர் பலர் அதைத் தரிசு என்றே எண்ணிக் கடந்துவிடுகிறார்கள். உண்மையில் அது கொறங்காடு: கொங்கு நாட்டின் வறண்ட பகுதியில் குடும்பம் குடும்பமாக வைத்துப் பேணிவரும் தனியார் மேய்ச்சல் நிலம். காங்கேயம் மாடும் மேச்சேரிச் செம்மறியும் இத்தகைய காடுகளில் மேய்ந்து நிலைத்த இனங்கள்.

இந்த ஏற்பாடு இங்கே வேரூன்றியதற்கு நிலமும் வானமும் காரணம். மேற்குத் தொடர்ச்சி மலையின் மழைமறைவில் இருப்பதால், தென்மேற்குப் பருவம் இந்தப் பகுதிக்குப் பெரும்பாலும் பாலக்காட்டுக் கணவாய்க் காற்றாகத்தான் வந்து சேர்கிறது. மழையாக வருவது சொற்பம். ஆண்டுக்கு ஏறத்தாழ 600 மில்லிமீட்டர் மழையில் பெரும்பங்கு ஐப்பசி, கார்த்திகை மாதங்களை நம்பியிருக்கிறது. மண்ணோ சரளை கலந்த செம்மண். ஆழம் குறைவு, சத்தும் குறைவு. ஆண்டுதோறும் உழுது விதைத்தால் செலவும் மண்ணரிப்பும் கூடுமே தவிர விளைச்சல் கூடாத இந்த நிலத்தில், ஒரு முறை நிலைகொண்டால் பல ஆண்டுகள் தாமாகவே துளிர்க்கும் புல்லை வளர்த்து, அதை மாட்டின் வழியாகவும் ஆட்டின் வழியாகவும் பணமாக்குவது என்ற முடிவுக்கு உழவர்கள் வந்தார்கள்.

கொறங்காட்டைப் பற்றிப் பேசுவோர் மூன்று தாவரங்களைச் சேர்த்தே சொல்வார்கள்: தரையில் கொழுக்கட்டைப் புல், மேலே வெள்வேல மரம், ஓரத்தில் முட்கிளுவை வேலி. மூன்றில் முதன்மையானது புல் என்று எண்ணத் தோன்றும். ஆனால், மேலாண்மை என்ற கோணத்தில் பார்த்தால் வேலிக்கே முதலிடம் தரவேண்டும் என்பது என் கருத்து. கொழுக்கட்டைப் புல் ஊர்ப் புறம்போக்கிலும் ஒரு காலத்தில் வளர்ந்ததுதான். அங்கே அது அழிந்ததற்கும் வேலிக்குள் பிழைத்ததற்கும் காரணம் ஒன்றே: புறம்போக்கில் இன்று மேய்க்க வேண்டாம் என்று முடிவெடுக்க எவராலும் முடியாது; கொறங்காட்டில் கடவுப் படலை, அதாவது வேலியின் கதவை, இழுத்துச் சாத்தினால் போதும். வேலியின் வேலை மாட்டை உள்ளே அடைத்து வைப்பது மட்டும் என்று கொண்டால் பாதி உண்மைதான் கிடைக்கும். மாட்டை வெளியே நிறுத்தி வைக்கிற நாட்களில்தான் அது புல்லுக்குப் பெரிதும் பயன்படுகிறது. வேலி போடுவதற்குக் கம்பியோ கல்தூணோ தேவைப்படாததும் குறிப்பிடத்தக்கது. கிளுவைக் கிளைகளை வெட்டி வரிசையாக நட்டால் வேர்பிடித்துக்கொள்ளும். சில ஆண்டுகளில் ஆடும் நுழைய முடியாத அடைப்பாகிவிடும்.

படலைச் சாத்துவது ஏன் இவ்வளவு முக்கியம் என்பதைப் புல்லின் உடலமைப்பு சொல்லும். கொழுக்கட்டைப் புல் தூர்கட்டி வளரும் பல்லாண்டுத் தாவரம். ஒரு தூரைக் கையால் விலக்கிப் பார்த்தால், மேலே பச்சை இலைகளும், நடுவில் கணுக்கள் கொண்ட தண்டும், தரையை ஒட்டி விரல் நீளத்துக்குத் தடித்து வெளுத்த அடித்தண்டும் தெரியும். அடுத்த மழைக்குத் துளிர்க்க வேண்டிய மொட்டுகள் அந்த அடித்தண்டில்தான் இருக்கின்றன. துளிர்ப்பதற்கு வேண்டிய மாவுச்சத்தும் சர்க்கரையும் அங்கேயும் வேர்முடியிலும்தான் சேமிக்கப்படுகின்றன. மேல் இலையை மாடு தின்றால் புல் இழப்பது இன்றைய சமையலறையை. அடித்தண்டையும் தின்றுவிட்டால் நாளைக்கான விதைநெல்லும் சேர்ந்து போகிறது.

தின்னப்படும் அளவுக்கும் வேருக்கும் உள்ள தொடர்பை அமெரிக்க வேளாண் துறையின் ஆய்வாளர் பிராங்க்ளின் கிரைடர் 1955இல் வெளியிட்ட ஆய்வு தெளிவாகக் காட்டியது. பல வகைப் புற்களின் இலைப்பகுதியை வெவ்வேறு அளவில் ஒரே முறை வெட்டிவிட்டு அவர் வேர்களைக் கவனித்தார். பாதி வெட்டப்பட்டபோது வேர் வளர்ச்சியில் ஏறக்குறைய பாதிப்பே இல்லை. 60 விழுக்காடு போனபோது வேர்களில் பாதியளவு வளர்ச்சியை நிறுத்திவிட்டன. 80 விழுக்காடு போனபோது எல்லா வேர்களும் நின்று 12 நாட்கள் வரை அசையவில்லை. 90 விழுக்காட்டுக்கு அது 17 நாட்களாக நீண்டது. இதில் கவனிக்க வேண்டியது, பாதிப்பு நேர்க்கோட்டில் ஏறவில்லை என்பதுதான். பாதிவரை புல் தாங்குகிறது. பாதியைத் தாண்டியதும் சட்டென்று சரிகிறது. ஐப்பசி மழையின் ஈரம் இரண்டு மாதம்கூட மண்ணில் நிற்காத ஊரில், வேர் 17 நாட்கள் சும்மா இருப்பதென்றால் அந்தப் பருவத்தின் வளர்ச்சியில் பெரும்பகுதி போய்விட்டது என்று பொருள்.

பாதி என்பதை உயரத்தில் பாதி என்று புரிந்துகொள்வது பொதுவாக நடக்கும் பிழை. தூர்ப்புல்லின் எடை அடியில் திரண்டும் மேலே மெலிந்தும் இருப்பதால், எடையில் பாதி தின்னப்படும்போது உயரத்தில் பாதிக்கும் மேலேயே போயிருக்கும். முழங்கால் உயரப் புல்லில் ஒரு சாண் அளவுக்குத் தூர் நின்றால் பாதி மிச்சம் இருப்பதாகக் கொள்ளலாம். நான்கு விரற்கடைக்குக் கீழே போய்விட்டால் அது புல்லின் மூலதனத்தில் கைவைப்பதாகும்.

ஆண்டின் ஓட்டம் இதற்கேற்ப அமைகிறது. முதல் நல்ல மழைக்குப் புல் துளிர்க்கும்போது படலைச் சாத்திவிட வேண்டும். அந்த இளந்துளிர் அடித்தண்டில் இருந்த சேமிப்பைச் செலவழித்து வந்தது. இலை விரிந்து தானே உணவு தயாரிக்கும் வரை புல் கடனில்தான் ஓடுகிறது. சிக்கல் என்னவென்றால், கோடை முழுவதும் காய்ந்த தீவனம் தின்று சலித்த மாட்டுக்கும், அதை ஓட்டி வருபவருக்கும், ஆண்டிலேயே அதிக ஆசை எழுவதும் அந்த வாரங்களில்தான். ஒன்றுக்கு மேற்பட்ட காடுகள் வைத்திருப்பவருக்கு இது எளிது: ஒன்றில் அடைத்து மற்றொன்றைச் சாத்தலாம், அடுத்த ஆண்டு முறையை மாற்றலாம். ஒரே காடு உள்ளவர், துளிர்க்காலத்தைக் கடக்கத் தீவனப் போரில் கொஞ்சம் சோளத்தட்டு மிச்சம் வைத்திருந்தால்தான் தப்பிப்பார். ஆகவே கொறங்காட்டு மேலாண்மையின் ஒரு பகுதி கொறங்காட்டுக்கு வெளியே, மானாவாரிச் சோளக்காட்டில் நடக்கிறது என்று சொன்னால் மிகையில்லை.

பூத்து விதை முற்றும் வரை பொறுப்பது இரண்டாவது படி. ஆண்டுதோறும் முடியாவிட்டாலும் சில ஆண்டுகளுக்கு ஒரு முறையாவது அதைச் செய்ய வேண்டியிருக்கிறது. கொழுக்கட்டைப் புல்லின் விதை, மென்முட்கள் சூழ்ந்த சிறு கொத்தாக உதிரும். ஆட்டு மயிரிலும் வேட்டிக் கரையிலும் ஒட்டிக்கொண்டு பரவும். புதிதாக உதிர்ந்த விதை உடனே நன்றாக முளைக்காது. சில மாத உறக்கம் அதற்குத் தேவை. விதைப்பவர்களுக்கு இது தொல்லையாகத் தோன்றலாம், ஆனால் இந்தத் தட்பவெப்பத்தில் அது புல்லின் தற்காப்பு. மார்கழியில் உதிர்ந்தது மாசியில் பெய்யும் ஒரு தூறலை நம்பி முளைத்துக் கருகிவிடாமல், அடுத்த பருவம்வரை மண்ணில் காத்திருக்கிறது. விதை உதிர்ந்த பிறகு மாடுகளை விட்டால் குளம்பு பட்டு விதை மண்ணில் லேசாகப் புதைவதும் நடக்கிறது.

எந்த உருப்படியை முதலில் விடுவது என்பதிலும் ஓர் ஒழுங்கு உண்டு. மாட்டுக்கு மேல்தாடையில் முன்பற்கள் கிடையாது. நாக்கை நீட்டிப் புல்லை வளைத்து, கீழ்ப்பற்களுக்கும் மேலண்ணத்துக்கும் இடையே அழுத்திப் பிய்த்து இழுக்கிறது. அதனால் மிகக் குட்டையான புல்லை அதனால் பிடிக்க முடியாது. செம்மறிக்கு வாய் ஒடுக்கம், மேலுதடு பிளவுபட்டது. தரையோடு தரையாகக் கொறிக்கவும், ஒரு செடியில் பிடித்த இலையை மட்டும் பொறுக்கவும் அதனால் முடியும். முதலில் மாடு, பிறகு எருமை, கடைசியில் செம்மறி என்று விடும் வழக்கத்துக்கு இதுவே அடிப்படை. மாடு விட்ட குட்டைப் புல்லையும், படர்ந்து கிடக்கும் நரிப்பயறு, செப்புநெருஞ்சி போன்ற கொடிகளையும் செம்மறி பயன்படுத்திக்கொள்கிறது. அதே காரணத்தால், கூடுதல் நாள் விட்டுவைத்தால் தூரையே கெடுக்கக்கூடியதும் செம்மறிதான். கடைசியில் விடுவதோடு காரியம் முடியவில்லை. சரியான நாளில் வெளியே ஓட்டவும் வேண்டும். வெள்ளாட்டைப் பலர் உள்ளே விடவே தயங்குவார்கள், ஏனென்றால் அதன் கண் புல்லைவிட வேலியின் தழையிலும் வேலங்கன்றுகளிலும்தான் இருக்கும்.

தை பிறந்ததும் கொறங்காட்டில் வளர்ச்சி அநேகமாக நின்றுவிடுகிறது. கோடை மழை கொஞ்சம் பச்சை காட்டலாம், அவ்வளவுதான். அன்று காட்டில் நிற்கும் புல்தான் அடுத்த ஏழெட்டு மாதங்களுக்கான முழு இருப்பு. இதை உணர்ந்தால் கணக்குப் போடுவது கடினமில்லை. நல்ல மழை ஆண்டில் ஏக்கருக்கு ஒன்றரை டன் உலர்புல் கிடைப்பதாக ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். நான்கு ஏக்கரில் 6 டன். பாதியை நிலத்துக்கு விட்டால் 3 டன். மிதிபட்டும் சாணம் பட்டும் வீணாவதில் கால்பங்கைக் கழித்தால் வாய்க்குப் போவது இரண்டேகால் டன். 350 கிலோ எடையுள்ள மாடு ஒன்று தன் எடையில் இரண்டரை விழுக்காடு, அதாவது நாளுக்கு ஒன்பது கிலோவுக்குச் சற்றுக் குறைவாக உலர்தீவனம் தின்னும். ஆக, அந்த நான்கு ஏக்கர் ஒரு மாட்டைச் சுமார் எட்டரை மாதம் தாங்கும். அல்லது 30 கிலோ எடையுள்ள பத்துச் செம்மறிகளை அதே அளவுக்குத் தாங்கும். மழை பாதியாகப் பொய்த்த ஆண்டில் இந்த எண்ணும் பாதியாகும். உருப்படி மட்டும் குறையாமல் இருந்தால், குறைந்த அந்தப் பங்கு நிலத்துக்கு விட்ட பாதியிலிருந்துதான் எடுக்கப்படும்.

ஆகவே விற்க வேண்டிய உருப்படியைத் தையிலேயே முடிவு செய்வது நல்லது. சித்திரை வரை இழுத்துப் பார்த்துவிட்டு விற்பவர் இரட்டை நட்டம் அடைகிறார்: அதற்குள் காடு மொட்டையாகிவிடும், தீவனம் தீர்ந்த எல்லோரும் ஒரே நேரத்தில் சந்தைக்கு வருவதால் விலையும் இறங்கியிருக்கும். சொல்வது எளிது, நன்கு பழகிய கிடாரியை மழையை நம்பிக் கையில் வைத்திருக்க நினைப்பவரைக் குறை சொல்லவும் முடியாது.

அளவு போதுமானதாக இருந்தாலும் தரம் போதாமல் போகும் காலம் ஒன்று உண்டு. இளங்கொழுக்கட்டையில் புரதம் பத்து விழுக்காட்டை ஒட்டி இருக்கும். பூத்து முற்றிக் காய்ந்த பிறகு அது நான்கைந்து விழுக்காடாகச் சரிந்துவிடும். தீவனத்தில் புரதம் ஏழு விழுக்காட்டுக்குக் கீழே போனால், அசையூண் வயிற்றில் நாரைச் செரிக்கும் நுண்ணுயிர்களுக்கே தழைச்சத்துப் பற்றாக்குறை வருகிறது. அவை மெதுவாக வேலை செய்வதால் தின்ற புல் வயிற்றில் தங்குகிறது. வயிறு நிறைந்திருப்பதால் மாடு மேற்கொண்டு தின்பதில்லை. காட்டில் புல் நிற்கும், மாடோ மெலியும். இந்த இடத்தில்தான் வெள்வேல மரம் கொறங்காட்டில் தன் இடத்தைச் சம்பாதிக்கிறது. அதன் நெற்று கோடையில் முற்றி உதிர்கிறது. காய்ந்த புல்லில் இல்லாத புரதம் அதில் இருக்கிறது. அதைப் பொறுக்கித் தின்னும் செம்மறியும் மாடும் அதே காய்ந்த புல்லையும் கூடுதலாகத் தின்று செரிக்கின்றன. பொறுக்கி மூட்டை கட்டி வைத்துப் பிறகு போடுவதும், விற்பதும் உண்டு. மரத்தின் சிறிய இலைகள் வெயிலை முழுதாக மறைப்பதில்லை என்பதால் அடியில் புல் வளரத் தடையில்லை.  

கொறங்காடு ஒரு முறை அமைத்தால் என்றென்றைக்கும் அப்படியே நிற்கும் என்பதும் சரியல்ல. ஆண்டுகள் ஏற ஏறத் தூர்களின் நடுப்பகுதி செத்து வளையம்போல் ஆகிறது, மேல்மண் இறுகி மழைநீர் இறங்காமல் ஓடுகிறது. அப்போது சில ஆண்டுகளுக்கு ஒரு முறை மேலாக உழுது, மானாவாரியாகச் சோளமோ கொள்ளோ விதைத்து ஒரு வெள்ளாமை எடுத்துவிட்டு, காட்டை மறுபடி புல்லுக்கு விடுகிறார்கள். மண்ணில் உறங்கிய விதைகள் முளைத்து நிரவிக்கொள்ளும். விதை இருப்பு தீர்ந்துபோன காட்டில் புதிதாக விதைக்க வேண்டியிருக்கும். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் கோ-1 என்ற பெயரில் வெளியிட்ட நீலக்கொழுக்கட்டைப் புல்லுக்கு ஹெக்டேருக்கு 6 முதல் 8 கிலோ விதை பரிந்துரைக்கப்படுகிறது. முந்தைய ஆண்டின் விதையாகப் பார்த்து வாங்குவதும், ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும் அந்த விதையை ஈரமணலில் பிசறித் தூவுவதும், ஒரு சென்டிமீட்டருக்கு மேல் புதைக்காமல் முள்கிளையை இழுத்து மூடுவதும் முளைப்பைத் தீர்மானிக்கின்றன. விதைத்த முதல் பருவத்தில் மேய்க்காமல் இருப்பது எல்லாவற்றையும்விட முக்கியம்.

இதோடு கம்பு-நேப்பியர் ஒட்டுப்புல்லை ஒப்பிட்டு, அதன் கோ-4 ரகம் ஹெக்டேருக்கு ஆண்டுக்கு 350 டன்னுக்கு மேல் பசுந்தீவனம் தருகிறது, நீலக்கொழுக்கட்டையோ 40 டன்தான் என்று சொல்வதுண்டு. எண்கள் சரி, ஒப்பீடு பொருந்தாது. முதலாவது, பாசனமும் உரமும் அறுக்க ஆளும் உள்ள தோட்டத்தின் கணக்கு. இரண்டாவது, மழையை மட்டும் நம்பி, மாடே போய் அறுத்துக்கொள்ளும் நிலத்தில் வளரக்கூடிய புல். கறவைப் பண்ணைக்கு ஒட்டுப்புல்லே ஏற்றது. சரளைக் காட்டில் அது ஒரு கோடையைத் தாண்டாது.

காடு நல்ல நிலையில் உள்ளதா என்பதை உருப்படிகளைப் பார்த்து அறிவதைவிடத் தரையைப் பார்த்து அறிவது முந்தியே எச்சரிக்கை தரும். மாடு விரும்பும் புல் குறையும்போது அந்த இடத்தை மாடு விரும்பாதவை பிடிக்கின்றன. கொழிஞ்சி, ஆவாரை, துடைப்பப்புல் ஆகியவை ஓரத்திலிருந்து நடுவுக்கு நகர்ந்தால் மேய்ச்சல் அளவு மீறியிருக்கிறது. புல்தூர்கள் மேடுபோல உயர்ந்து நின்று, இடையில் மண் தாழ்ந்து சரளை தெரிந்தால் மேல்மண் ஓடிக்கொண்டிருக்கிறது. சீமைக்கருவேலம் தனிக்கதை: அதன் இனிப்பான நெற்றைத் தின்னும் மாடே விதையைச் சாணத்தில் கொண்டுவந்து போடுகிறது. கன்றாக இருக்கும்போதே வேரோடு பிடுங்கினால் ஓர் ஆள் ஒரு நாளில் ஒரு காட்டை முடிக்கலாம். மரமான பிறகு எந்திரம் வேண்டும்.

இயல்பான புல் என்றாலே நல்லது என்ற பொதுவிதியும் கிடையாது. ஆப்பிரிக்காவிலிருந்து இந்தியா வரை இயற்கையாக வளரும் இதே கொழுக்கட்டைப் புல், ஆஸ்திரேலியாவுக்கு 1870களில் ஒட்டகச் சேணங்களில் அடைத்த வைக்கோலோடு போய்ச் சேர்ந்ததாகச் சொல்லப்படுகிறது; பிறகு மேய்ச்சலுக்கென்றே அங்கும் அமெரிக்காவிலும் விதைக்கப்பட்டது. இன்று அரிசோனாவின் பாலைநிலத்தில் அது தீயைப் பரப்பும் களையாக மாறி, உயரமான சகுவாரோ கள்ளிகளையே அழிக்கிறது; தன்னார்வலர்கள் அதைக் கையால் தோண்டி எடுக்கிறார்கள். அங்கே அதற்கேற்ற மேய்ச்சலும் இல்லை, நெருப்புக்குப் பழகிய தாவரங்களும் இல்லை.

கொங்கு நாட்டில் கொறங்காட்டின் பரப்பு குறைந்துவருவதற்கு புல் காரணமல்ல. டிராக்டர் வந்ததும் காங்கேயம் எருதுக்கு இருந்த தேவை சரிந்தது. உழவுமாட்டின் விலைதான் இந்த நிலத்துக்கு நீண்டகாலம் வாடகை கட்டிவந்தது. பரம்பிக்குளம்-ஆழியாறு கால்வாய் நீர் எட்டிய இடங்களில் கொறங்காடு தோட்டமானது. எட்டாத இடங்களில் காற்றாலைக்கும் சூரிய மின்னுற்பத்திக்கும் வீட்டுமனைக்கும் நிலம் கைமாறுகிறது. 2017 சல்லிக்கட்டுப் போராட்டத்துக்குப் பின் நாட்டு மாட்டின் மீது எழுந்த ஆர்வம் காளைகளுக்கு விலை கொடுத்தது. அந்தக் காளைகள் தின்ற புல்லைப் பற்றி எவரும் அவ்வளவாகப் பேசவில்லை.

கைமாறாத காடுகளிலும் ஒரு மாற்றம் நடந்திருக்கிறது. பிள்ளைகள் திருப்பூருக்கும் கோவைக்கும் போய்விட்ட குடும்பங்கள் காட்டை ஓராண்டுக் குத்தகைக்கு விடுகின்றன. குத்தகைதாரர் பெரும்பாலும் செம்மறி வளர்ப்பவர். கொடுத்த பணத்துக்கு அந்த ஆண்டிலேயே புல்லை முழுதாக மேய்த்துவிடுவதுதான் அவருக்குக் கணக்கு. விட்டுவைக்கும் பாதி அடுத்த ஆண்டு குத்தகை எடுப்பவருக்கே போய்ச்சேரும். நிலத்துக்காரர் ஊரில் இல்லை, எனவே துளிர்க்காலத்தில் படல் சாத்தப்பட்டதா என்று பார்ப்பவரும் இல்லை. வேலி நிற்கிறது, ஆனால் மேய்க்காமலிருக்க முடிவெடுக்கும் அதிகாரம் யார் கையிலும் இல்லாததால் அந்தக் காடு புறம்போக்கின் நிலைக்கே வந்துவிடுகிறது. குத்தகையை ஓராண்டிலிருந்து மூன்றாண்டாக நீட்டி, தொகையைச் சற்றுக் குறைத்து, மழை தொடங்கியது முதல் விதை உதிரும் வரை படல் சாத்தியிருக்க வேண்டும், உருப்படி இத்தனைக்கு மேல் கூடாது, நான்கு விரற்கடைக்குக் கீழே மேய்க்கக் கூடாது என்று மூன்று வரிகளை ஒப்பந்தத்தில் சேர்த்தால், முதல் ஆண்டு விட்டுவைத்த புல்லின் பலனை இரண்டாம், மூன்றாம் ஆண்டுகளில் அதே குத்தகைதாரரே மேய்த்து எடுத்துக்கொள்வார்.